டிப்ஸ் கொட்டிய வேலைக்கு எதற்குச் சங்கம்?

பின்னால் படிக்க வருகிறவர்களுக்காகக் கேள்வியைச் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவில் புல்மேன் சொகுசு ரயில் பெட்டிகளில் வேலை பார்த்த கறுப்பினப் போர்ட்டர்களைப் பற்றி நீங்கள் எங்கோ படித்திருக்கிறீர்கள். அந்தக் காலத்தில் கறுப்பினத்தவருக்குக் கிடைத்த வேலைகளிலேயே கௌரவமானது அதுதான், பணக்காரப் பயணிகள் டிப்ஸை அள்ளி வீசினார்கள் என்று அதில் இருந்திருக்கிறது. அப்படிப்பட்ட வேலையில் இருந்துகொண்டு 1925 முதல் 1937 வரை 12 வருடம் சங்கம் வைத்துப் போராடியது எதற்கு, கொஞ்சம் பேராசைதானே என்று கேட்டிருக்கிறீர்கள்.

மேலுக்குச் சம்பளக் கணக்கு போலத் தெரிந்தாலும், உள்ளே இருக்கும் கேள்வி வேறு என்று நினைக்கிறேன். தன் தெருவில் மற்றவர்களைவிட நன்றாக இருக்கும் ஒருவன், 'எனக்கு நடப்பது அநியாயம்' என்று சொல்லலாமா? இதைத்தான் கேட்கிறீர்கள். நான் ஒரு கல்லூரியில் 20 ஆண்டுகளுக்கு மேல் முதுகலை மாணவர்களுக்கு அமெரிக்க வரலாற்றுத் தாள் நடத்தியவன். தொழிலாளர் வரலாறு என் சொந்த ஆர்வம். புல்மேன் பெட்டியில் ஏறியதும் இல்லை, அந்தப் போர்ட்டர்களில் ஒருவரையும் சந்தித்ததும் இல்லை. அரசு விசாரணைச் சாட்சியங்கள், சங்கத்தின் பதிவுகள், ஓய்வு பெற்ற போர்ட்டர்கள் முதுமையில் சொல்லிப் பதிவான நினைவுகள் ஆகியவற்றைப் படித்ததுதான் என் மூலதனம். இதில் நினைவுகளை மட்டும் கொஞ்சம் ஜாக்கிரதையாகக் கையாள வேண்டும். அப்படிப்பட்ட இடம் வரும்போது சொல்கிறேன்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். வகுப்பில் 'புல்மேன் போர்ட்டர்' என்று சொன்னதுமே மாணவர்கள் மனத்தில் எழும்பூர் நடைமேடையில் சிவப்புச் சட்டை போட்டுத் தலையில் பெட்டி சுமக்கிறவர் வந்து நிற்பார். அப்படிப்பட்டவர்கள் அமெரிக்க ஸ்டேஷன்களிலும் உண்டு. சிவப்புத் தொப்பி போட்டதால் அவர்களுக்கு 'ரெட்கேப்' என்று பெயர். புல்மேன் போர்ட்டர் வேறு ஆள், அவர் ரயிலோடு போகிறவர். நம் ஏசி பெட்டியில் போர்வையும் தலையணையும் கொண்டுவந்து தருகிறவரின் வேலை, ஓட்டல் ரூம் பாயின் வேலை, இரவுக் காவலாளி வேலை, சில சமயம் குழந்தை பார்க்கும் ஆயா வேலை, இத்தனையும் ஒரே ஆளின் தலையில்.

இந்த வேலையை உண்டாக்கியவர் ஜார்ஜ் புல்மேன். இவர் முதலில் பெயர் வாங்கியது ரயிலில் இல்லை, கட்டடங்களைத் தூக்குவதில். சாக்கடை போடுவதற்காகச் சிகாகோ நகரத் தெருக்களின் மட்டத்தை உயர்த்தியபோது, நிற்கிற கட்டடங்களை அப்படியே திருகு ஜாக்கிகளால் மெல்ல மெல்ல மேலே தூக்கிக் கொடுத்தவர்களில் ஒருவர். அங்கே சம்பாதித்த பணத்தைப் படுக்கை வசதி உள்ள ரயில் பெட்டியில் போட்டார். 1867-ல் கம்பெனி தொடங்கினார். அவருக்கு முன்பே தூங்கும் பெட்டிகள் இருந்தன. அவற்றில் தூங்குவதுதான் கஷ்டமாக இருந்தது. புல்மேன் மெத்தை, விரிப்பு, திரைச்சீலை, மெழுகிட்ட மரவேலை, தரைக் கம்பளம் எல்லாம் வைத்தார். பகலில் எதிரெதிர் இருக்கைகள், இரவில் அவற்றை இழுத்துச் சேர்த்தால் கீழ் பெர்த். மேல் பெர்த்தோ கூரையோடு ஒட்டி மடங்கியிருக்கும், இறக்கிவிட்டால் படுக்கை. பெட்டிகளை அவர் ரயில்வே கம்பெனிகளுக்கு விற்கவில்லை. பெட்டியும் புல்மேனுடையது, அதில் வேலை செய்கிறவனும் புல்மேனுடைய ஆள். ரயில்வே இழுத்துக்கொண்டு போகும், அவ்வளவுதான். பயணி ரயில் டிக்கெட்டுக்கு மேல் புல்மேனுக்குத் தனிக் கட்டணம் கட்ட வேண்டும்.

இந்த இடத்தில் ஒரு புகழ்பெற்ற கதை எப்போதும் வந்துவிடும். 1865-ல் லிங்கன் சுட்டுக் கொல்லப்பட்ட பிறகு, அவர் உடலைக் கொண்டுபோன ரயிலில் புல்மேனின் முதல் பெரிய பெட்டியான 'பயனியர்' சேர்க்கப்பட்டது, அகலமான அந்தப் பெட்டிக்காக வழியெல்லாம் நடைமேடைகளை வெட்டிக் கொடுத்தார்கள், அதனால்தான் புல்மேன் பிரபலமானார் என்பது கதை. கம்பெனியே பல காலம் இதைப் பரப்பியது. ரயில்வே வரலாற்றாசிரியர்கள் பலர் இதை ஏற்பதில்லை. விளம்பரத்துக்குத் தோதாக அமைந்த கதை என்ற அளவில் வைத்துக்கொள்ளுங்கள்.

லிங்கன் குடும்பத்தோடு புல்மேனுக்கு இருந்த உறுதியான தொடர்பு வேறொன்று. 1897-ல் புல்மேன் இறந்த பிறகு கம்பெனியின் தலைவராக வந்தவர் ராபர்ட் டாட் லிங்கன், ஆபிரகாம் லிங்கனின் மகன். அப்பா அடிமைகளை விடுவித்தார், மகன் அந்த அடிமைகளின் பிள்ளைகளை வைத்து நடந்த கம்பெனியை நடத்தினார். வரலாறு இப்படிச் சில நேரம் நாவலாசிரியரைப் போல நடந்துகொள்ளும்.

புல்மேன் ஏன் கறுப்பினத்தவரை எடுத்தார்? உள்நாட்டுப் போர் முடிந்து அடிமை முறை ஒழிந்த நேரம். விடுதலையான லட்சக்கணக்கானவர்கள் வேலை தேடி அலைந்தார்கள். குறைந்த கூலிக்கு ஆள் கிடைத்தது ஒரு காரணம். இன்னொரு காரணம்தான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. புல்மேன் விற்ற சொகுசில் மெத்தை பாதி, உபசாரம் பாதி. வீட்டில் வேலைக்காரன் வைத்துக்கொள்ள வசதியில்லாத ஒரு வியாபாரிகூட இரண்டு டாலர் கூடக் கொடுத்தால் ஒரு ராத்திரிக்கு எஜமானாக இருக்கலாம். பழைய பண்ணை முதலாளிகளான வெள்ளையருக்கு வீட்டு அடிமைகள் செய்த பணிவிடையை, சக்கரத்தில் ஏற்றி எல்லோருக்கும் விற்றார் புல்மேன். அதற்கு அந்தப் பணிவிடையோடு வெள்ளையர் மனத்தில் ஒட்டிப்போன முகம் வேண்டியிருந்தது. போர்ட்டர் எல்லோரும் கறுப்பினத்தவர், அவர்களுக்கு மேலே இருந்த புல்மேன் கண்டக்டர் எல்லோரும் வெள்ளையர். இது தற்செயல் இல்லை.

'ஜார்ஜ்' விஷயம் இங்கேதான் வருகிறது. பயணிகள் போர்ட்டர் எவரையும் 'ஜார்ஜ்' என்றுதான் கூப்பிட்டார்கள். முதலாளி ஜார்ஜ் புல்மேன், அதனால் அவன் ஆளும் ஜார்ஜ். அடிமைக்கு எஜமானின் பெயரை வைத்துக் கூப்பிட்ட பழக்கத்தின் வால் இது. ஐம்பது வயது மனிதரை, வீட்டில் பேரன் பேத்தி எடுத்தவரை, இருபது வயதுப் பையன் 'ஏய் ஜார்ஜ்' என்பான். இதில் ஒரு வேடிக்கை உண்டு. 1914-ல் 'போர்ட்டர்களை ஜார்ஜ் என்று கூப்பிடுவதைத் தடுக்கும் சங்கம்' என்று ஒன்று தொடங்கப்பட்டது. போர்ட்டர்களின் மானத்தைக் காப்பாற்ற என்று நினைத்தால் ஏமாந்து போவீர்கள். தொடங்கியவர் ஜார்ஜ் என்ற பெயர் கொண்ட ஒரு மர வியாபாரி. தன் பெயரைப் போய் ஒரு போர்ட்டருக்கு வைக்கிறார்களே என்பது அவருடைய வருத்தம்.

சரி, வேலைக்கு வருவோம். அந்தக் காலத்தில் அதிகம் ஓடிய பெட்டி வகையில் 12 பகுதிகளும் ஒரு தனி அறையும் இருக்கும். பகுதிக்கு இரண்டு பெர்த், தனி அறைக்கு மூன்று பேர் என்றால் நிறைந்த பெட்டியில் 27 பயணிகள். அவர்களுக்கு ஒரே போர்ட்டர். ரயில் கிளம்புவதற்குப் பல மணி நேரம் முன்பே வந்து பெட்டியைத் துடைத்து, விரிப்பு எண்ணி வாங்கி, தண்ணீர் நிரப்பி, பயணிகளை வரவேற்று ஏற்ற வேண்டும். இருட்டியதும் 24 பெர்த்தையும் இறக்கி, விரித்து, திரை மாட்ட வேண்டும். எல்லோரும் தூங்கிய பிறகு அவர்கள் கழற்றிவைத்த ஷூக்களை எடுத்து பாலிஷ் போட வேண்டும். எச்சில் துப்பும் பாத்திரங்களைக் கழுவ வேண்டும். நள்ளிரவு மூன்று மணி ஸ்டேஷனில் இறங்குகிறவரைச் சரியாக எழுப்ப வேண்டும். பக்கத்துப் பயணியின் தூக்கம் கெடக் கூடாது. குடித்துவிட்டு வருகிறவரைச் சமாளித்துப் படுக்க வைக்க வேண்டும். இத்தனைக்கும் விதிப் புத்தகம் இருந்தது. பீர் பாட்டிலை எப்படிக் கொண்டுவர வேண்டும், எந்தப் பக்கம் நிற்க வேண்டும், எப்படி ஊற்ற வேண்டும் என்று படிப்படியாக எழுதியிருந்தார்கள். விதியை மீறுகிறாரா என்று பார்க்கக் கம்பெனி தன் ஆட்களைப் பயணி வேடத்தில் ஏற்றிவிடும்.

போர்ட்டர் எப்போது தூங்குவார்? மூன்று நான்கு மணி நேரம், ஆண்களுக்கான புகைபிடிக்கும் அறையில் இருக்கும் சோபாவில். பக்கத்திலேயே கழிப்பறை, ஆட்கள் வந்து போய்க்கொண்டே இருப்பார்கள். அவர் போர்த்திக்கொள்ளும் போர்வை நீல நிறம், பயணிகளின் போர்வை வேறு நிறம். அவர் போர்த்தியது தவறியும் பயணியின் படுக்கைக்கு வந்துவிடக் கூடாது என்பதற்காக. தினமும் தன் கையால் அவர்களுடைய படுக்கையை விரிக்கிறவருக்கு இந்த விதி.

இப்போது உங்கள் டிப்ஸ். 1915-ல் தொழிலாளர் நிலையை ஆராய அமைக்கப்பட்ட அரசு விசாரணைக் குழு புல்மேன் கம்பெனியையும் விசாரித்தது. ராபர்ட் லிங்கனே சாட்சி சொன்னார். அப்போது போர்ட்டரின் அடிப்படைச் சம்பளம் மாதம் 27 டாலர் 50 சென்ட். மீதியைப் பயணிகளின் டிப்ஸ்தான் நிரப்புகிறது என்பது அங்கே வெளிப்படையாகவே பேசப்பட்டது. அதாவது, டிப்ஸ் சம்பளத்துக்கு மேல் விழுந்த போனஸ் இல்லை, கம்பெனி கொடுக்காமல் விட்ட சம்பளம். 1920-களின் நடுவில் அடிப்படைச் சம்பளம் 67 டாலர் 50 சென்ட் ஆக உயர்ந்தது. அதை முழுதாக வாங்க மாதம் 11,000 மைல் ஓட வேண்டும், அல்லது சுமார் 400 மணி நேரம் வேலை செய்ய வேண்டும். 400-ஐ 30-ஆல் வகுத்துப் பாருங்கள். ஞாயிறு உட்பட தினம் 13 மணி நேரத்துக்கும் மேல். மணிக்கு 17 சென்ட்கூட வராது.

அந்த 400 மணி நேரத்திலும் கிளம்புமுன் செய்யும் ஆயத்த வேலை பெரும்பாலும் சேராது. நள்ளிரவு தாண்டிக் கிளம்பும் ரயிலுக்குச் சாயங்காலமே வந்து பயணிகளை ஏற்றிப் படுக்க வைத்தாலும், கணக்கு தொடங்குவது சக்கரம் உருண்ட பிறகுதான். சாப்பாட்டுச் செலவு, வெளியூரில் தங்கும் செலவு, பாலிஷ் வாங்கும் செலவு எல்லாம் சொந்தப் பணம். முதல் 10 வருடத்துக்கு யூனிஃபார்மும் சொந்தச் செலவு. பயணி ஒரு துண்டைச் சுருட்டிப் பைக்குள் வைத்துக்கொண்டு போய்விட்டால் அதுவும் போர்ட்டரின் கணக்கில் பிடித்தம். சங்கத்துக்காக 1926 வாக்கில் எடுத்த ஒரு கணக்கெடுப்பு, டிப்ஸ் சராசரியாக மாதம் சுமார் 58 டாலர், வேலைக்காகக் கைவிட்டுப் போகும் செலவு சுமார் 33 டாலர் என்று சொன்னது. சங்கம் எடுக்கச் சொன்ன கணக்கு என்பதால் அதைச் சற்றுத் தள்ளி நின்று பார்ப்பதே சரி. ஆனால் டிப்ஸில் பெரும்பகுதி வேலைக்கான செலவிலேயே கரைந்தது என்பதைக் கம்பெனி விதிகளை மட்டும் வைத்தே ஊகித்துவிடலாம்.

'டிப்ஸ் அள்ளினார்கள்' என்பது முழுப் பொய்யும் இல்லை. நியூயார்க்–சிகாகோ இடையே ஓடிய 'டுவென்டியத் செஞ்சுரி லிமிடெட்' போன்ற ரயில்களில் பயணிகள் ஏறுவதற்கே நடைமேடையில் சிவப்புக் கம்பளம் விரிப்பார்கள். அப்படிப்பட்ட தடங்கள் பணி மூப்பு உள்ளவர்களுக்குக் கிடைக்கும், அங்கே டிப்ஸ் நன்றாகவே வந்தது. நீங்கள் படித்த கதை பெரும்பாலும் அவர்களைப் பற்றியதாக இருக்கும். புதிதாகச் சேர்ந்தவனுக்கோ நிலையான தடமே கிடையாது. ஸ்டேஷனில் காத்திருந்து, எந்தப் பெட்டி காலியோ அதில் ஏறிப் போக வேண்டும்.

நீங்கள் எதிர்பார்க்காத விஷயம் இனிமேல்தான் வருகிறது. சங்கம் முதலில் கேட்டவற்றில் ஒன்று, டிப்ஸ் முறையையே ஒழிக்க வேண்டும் என்பது. 1925 ஆகஸ்ட் 25-ஆம் தேதி நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில் ஒரு கூட்டத்தில் 'பிரதர்ஹுட் ஆஃப் ஸ்லீப்பிங் கார் போர்ட்டர்ஸ்' பிறந்தது. டிப்ஸ் வேண்டாம், அதற்குப் பதில் வாழக்கூடிய சம்பளம் கொடு, மாதம் 240 மணி நேரமாகக் குறை என்றார்கள். 1927-ல் மாநிலங்களுக்கிடையிலான வணிக ஆணையத்திடம் போய், டிப்ஸை நம்பவைத்துச் சம்பளத்தைக் குறைப்பது சட்டவிரோதம் என்று வழக்காகவே தொடுத்தார்கள். அடுத்த ஆண்டு ஆணையம், இது எங்கள் அதிகார எல்லைக்குள் வராது என்று கையைக் கழுவியது. 'டிப்ஸ் போதவில்லை' என்று போராடியவர்களாக நினைத்தீர்கள், அவர்கள் 'டிப்ஸே வேண்டாம்' என்று கோர்ட்டுக்குப் போகாத குறையாக அலைந்தவர்கள்.

ஏன் என்று கொஞ்சம் யோசியுங்கள். சம்பளம் கம்பெனியிடமிருந்து வந்தால், வேலையை ஒழுங்காகச் செய்தால் போதும். சம்பளத்தில் பாதி பயணியின் மனநிலையைப் பொறுத்தது என்றால், சிரிப்பும் வேலையில் சேர்ந்துவிடுகிறது. 'ஜார்ஜ்' என்றாலும் சிரிக்க வேண்டும், அதைவிட மோசமாகத் திட்டினாலும் சிரிக்க வேண்டும், இல்லாவிட்டால் வீட்டில் அடுப்பு எரியாது. சில மாநிலங்களில் அந்தக் காலத்தில் டிப்ஸ் கொடுப்பதையே சட்டம் போட்டுத் தடுத்தும் பார்த்தார்கள். 1909-ல் வாஷிங்டன் மாநிலம் தொடங்கிவைத்தது. எந்தச் சட்டமும் நிலைக்கவில்லை. இதில் போர்ட்டர்கள் எல்லோரும் ஒரே மனதாக இருந்தார்கள் என்று சொல்ல மாட்டேன். நல்ல தடத்தில் ஓடிய மூத்தவர்கள் பலர், கையில் விழும் காசை விட்டுச் சங்கத்தை நம்புவதா என்று தயங்கினார்கள். அவர்களைக் குறை சொல்லவும் எனக்கு மனமில்லை.

சங்கத்துக்குத் தலைவராக வந்த ஏ. பிலிப் ரண்டால்ஃப் ஒரு நாள்கூடப் போர்ட்டராக இருந்ததில்லை, பத்திரிகை நடத்தியவர். அதுதான் அவருடைய தகுதி, கம்பெனியால் அவரை வேலையை விட்டு நீக்க முடியாது. மற்றவர்களுக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. சங்கத்தில் சேர்ந்தது தெரிந்தால் வேலை போகும். அதே 1925-ல் கம்பெனி உல்லாசப் பெட்டிகளில் பிலிப்பைன்ஸ்காரர்களை வேலைக்கு வைக்க ஆரம்பித்தது. உங்களுக்குப் பதில் ஆள் இருக்கிறது என்பதைச் சொல்லாமல் சொன்னது அது. ரண்டால்ஃபுக்குத் தொகை எழுதாத காசோலையைக் கம்பெனி அனுப்பியதாகவும், அவர் திருப்பி அனுப்பியதாகவும் ஒரு கதை உண்டு. அவருடைய நேர்மையைப் பற்றி எனக்குச் சந்தேகமில்லை, கதையைப் பற்றி உண்டு.

பெண்களின் பங்கைச் சொல்லாமல் விட்டால் தப்பு. கணவன் சந்தா வசூலித்தால் வேலை போகும் என்பதால் மனைவிமார் அந்த வேலையை எடுத்துக்கொண்டார்கள். வாஷிங்டனில் ரோசினா டக்கர் என்பவர் வீடு வீடாகப் போய்ச் சந்தா வாங்கினார், துண்டுப் பிரசுரம் கொடுத்தார். விஷயம் தெரிந்து கம்பெனி அவர் கணவரை வேலையிலிருந்து எடுத்தது. இவர் நேரே அதிகாரியின் அறைக்குப் போய், மேசையில் ஓங்கிக் குத்தி, என் காரியத்துக்கும் என் கணவர் வேலைக்கும் சம்பந்தமில்லை என்று சண்டை போட்டார், கணவருக்கு வேலை திரும்பக் கிடைத்தது. ரோசினா 105 வயது வரை வாழ்ந்து இதைப் பலமுறை சொன்னார். நினைவுகளில் ஜாக்கிரதை தேவை என்றேனே, இது அந்த வகை. மேசையை எவ்வளவு ஓங்கிக் குத்தினார் என்பது ஒவ்வொரு தடவையும் கொஞ்சம் கூடியிருக்கலாம். ஆனால் சந்தா வசூலும் பழிவாங்கலும் பல ஊர்ச் சங்கப் பதிவுகளில் இருக்கின்றன.

1928-ல் வேலைநிறுத்தத்துக்கு வாக்கெடுத்தார்கள். பெரும் ஆதரவு கிடைத்தது. கடைசி நேரத்தில் ரண்டால்ஃப் பின்வாங்கினார். பதில் ஆட்களைக் கம்பெனி திரட்டி வைத்திருந்தது, பெரிய தொழிற்சங்கக் கூட்டமைப்பும் இது நேரமில்லை என்றது. அதோடு சங்கம் பாதாளத்துக்குப் போனது. பொருளாதாரப் பெருமந்தம் வேறு. ஆயிரக்கணக்கில் இருந்த உறுப்பினர்கள் சில நூறாகச் சுருங்கினார்கள். இந்த ஐந்தாறு வருடத்தை வகுப்பில் ஒரு வரியில் தாண்டிவிடுவோம். உண்மையில் பேராசைக்காரன் எவனும் தாங்க முடியாத காலம் அது. 1934-ல் ரூஸ்வெல்ட் அரசு ரயில்வே தொழிலாளர் சட்டத்தைத் திருத்தியபோது போர்ட்டர்களும் அதன் பாதுகாப்புக்குள் வந்தார்கள். மறு ஆண்டு நடந்த ரகசிய வாக்கெடுப்பில் கம்பெனி வளர்த்த சங்கத்தைப் பிரதர்ஹுட் 5,931-க்கு 1,422 என்ற கணக்கில் தோற்கடித்தது. 1937 ஆகஸ்ட் 25, சங்கம் பிறந்து சரியாக 12 வருடம் நிறைந்த நாளில், கம்பெனி ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டது. ஒரு பெரிய அமெரிக்கக் கம்பெனி கறுப்பினத்தவர் சங்கத்தோடு செய்துகொண்ட முதல் ஒப்பந்தம் அது. மாத வேலை நேரம் 400-லிருந்து 240 ஆனது, சம்பளம் உயர்ந்தது. டிப்ஸ் மட்டும் ஒழியவில்லை. பெயர் விஷயத்தில் கம்பெனி 1926-லேயே கொஞ்சம் இறங்கி வந்து, போர்ட்டரின் பெயர் எழுதிய அட்டையைப் பெட்டியில் மாட்டச் சம்மதித்திருந்தது. அட்டையைப் படித்துவிட்டும் 'ஜார்ஜ்' என்று கூப்பிட்டவர்கள் இருந்தார்கள்.

1894 புல்மேன் வேலைநிறுத்தத்தை இதோடு பலர் குழப்பிக்கொள்வார்கள். அது பெட்டி கட்டும் தொழிற்சாலைத் தொழிலாளர்களின் போராட்டம். கூலியைக் குறைத்த கம்பெனி, தன் குடியிருப்பில் வாங்கும் வாடகையைக் குறைக்கவில்லை. ராணுவம் வந்தது, உயிர்கள் போயின. அதை ஆதரித்த அமெரிக்க ரயில்வே யூனியன் கறுப்பினத்தவரை உறுப்பினராகவே சேர்க்கவில்லை. போர்ட்டர்களுக்கு அந்தப் பந்தியில் இலையே போடவில்லை.

கௌரவமான வேலை என்று படித்தீர்களே, அதையும் விட்டுவிடக் கூடாது. அதுவும் நிஜம். 1920-களில் சுமார் 12,000 போர்ட்டர்கள் இருந்தார்கள், கறுப்பினத்தவரை அதிகமாக வேலைக்கு வைத்திருந்த தனியார் கம்பெனி புல்மேன்தான். சுத்தமான யூனிஃபார்ம், மாதா மாதம் வருமானம், நாடு முழுக்கச் சுற்றிய அனுபவம். பயணிகள் விட்டுப்போன பத்திரிகைகளைப் படித்து உலக விஷயம் தெரிந்து வைத்திருப்பார்கள். சிகாகோவில் அச்சான 'டிஃபெண்டர்' என்ற கறுப்பினப் பத்திரிகையைக் கட்டுக்கட்டாகத் தெற்கு மாநிலங்களுக்குக் கொண்டுபோய் இறக்கியவர்கள் போர்ட்டர்கள். வடக்கே வேலை இருக்கிறது, அடி உதை குறைவு என்ற செய்தி பருத்திக் காட்டுக்குப் போனதில் அவர்களுக்குப் பெரிய பங்கு உண்டு. இந்த மரியாதையெல்லாம் அவர்கள் தெருவில், சர்ச்சில், பிள்ளைகளின் பள்ளிக்கூடத்தில் கிடைத்தது. பெட்டிக்குள் கிடைத்ததில்லை. தெற்கே அவர்கள் விரித்த பெர்த்தில் அவர்களுடைய மனைவி பிள்ளைகள் படுக்க முடியாது. 1937-ல் ஆர்தர் மிட்செல் என்பவர் சிகாகோவிலிருந்து ஆர்கன்சாவுக்குப் புல்மேன் பெட்டியில் போனார். மாநில எல்லை தாண்டியதும் அவரைக் கறுப்பினத்தவருக்கான சாதாரணப் பெட்டிக்கு விரட்டினார்கள். அப்போது அமெரிக்க நாடாளுமன்றத்தில் இருந்த ஒரே கறுப்பின உறுப்பினர் அவர். உச்ச நீதிமன்றம் வரை போய் 1941-ல் ஜெயித்தார். எம்.பி.க்கே அந்த நிலை என்றால் மற்றவர்களைச் சொல்ல வேண்டியதில்லை.

சங்கம் அதோடு நிற்கவும் இல்லை. அதே 1941-ல், ராணுவத் தளவாடத் தொழிற்சாலைகளில் கறுப்பினத்தவருக்கு வேலை தராவிட்டால் தலைநகருக்கு ஊர்வலம் போவோம் என்று ரண்டால்ஃப் அறிவித்தார். ஊர்வலத்துக்குச் சில நாள் முன்பு, ஜூன் 25-ல், அந்தப் பாகுபாட்டைத் தடை செய்து ரூஸ்வெல்ட் ஆணை போட்டார். பலம் எங்கிருந்து வந்தது? ஒவ்வொரு ஊரிலும் சங்கத்துக்கு ஆள் இருந்தது, அந்த ஆட்கள் தினமும் ஊர் விட்டு ஊர் போய்க்கொண்டிருந்தார்கள். இதைவிட நல்ல தபால் ஏற்பாடு யாருக்கு அமையும்?

அவர்களில் ஒருவர் அலபாமாவின் மான்ட்கோமரியில் இருந்த ஈ. டி. நிக்சன். புல்மேன் போர்ட்டர், உள்ளூர்ச் சங்கத் தலைவர். 1955 டிசம்பர் 1-ஆம் தேதி பஸ்ஸில் வெள்ளையருக்கு எழுந்து இடம் கொடுக்க மறுத்த கறுப்பினப் பெண் ரோசா பார்க்ஸ் கைதானபோது ஜாமீனில் எடுக்கப் போனவர் அவர்தான். ராத்திரியோடு ராத்திரியாக பஸ் புறக்கணிப்புக்கு அடி போட்டு, மார்ட்டின் லூதர் கிங் என்ற 26 வயதுப் போதகர் உட்படப் பலருக்குப் போன் போட்டுக் கூட்டத்துக்கு ஏற்பாடு செய்தார். மறுநாள் சாயங்காலம் கிங்கின் சர்ச்சில் கூட்டம் நடந்தபோது நிக்சன் அங்கே இல்லை. அவருக்கு ரயிலில் டியூட்டி.